லோகநாயகி சரிசெய்யாத ஒரே கசிவு

சேலையூர் கேம்ப் ரோட்டிலிருந்து உள்ளே பிரியும் தெருக்களில் ஒன்றில் அனுக்கிரகா பிளாட்ஸ் இருக்கிறது. எட்டு வீடுகள், ஒரு லிஃப்ட், ஒரு சம்ப். இவ்வளவு நன்றாகப் பராமரிக்கப்படும் கட்டடம் அந்த வட்டாரத்தில் வேறு கிடையாது. மொட்டை மாடிக்குப் புதிதாகத் தளம் போட்டிருக்கிறார்கள். குளியலறை டைல்ஸ் இடுக்குகள் எல்லா வீட்டிலும் மறுபடி பூசப்பட்டவை. சம்ப்புக்குள் ஒழுகல் தடுக்கும் பூச்சு. படிக்கட்டுச் சுவரில் சாய்ந்து நின்றால் சட்டையில் சுண்ணாம்பு ஒட்டாது.

இத்தனைக்கும் காரணம் முதல் மாடியில் குடியிருக்கும் சங்கச் செயலாளர் லோகநாயகி. ஒரே ஒரு கசிவைச் சரிசெய்ய அவருக்கு மனமில்லை. அதனால் மற்ற எல்லாவற்றையும் சரிசெய்தார்.

லோகநாயகிக்கு அறுபத்துமூன்று வயது. வளர்ந்தது பம்மலில். அப்பா தோல் தொழிற்சாலை ஒன்றில் கணக்கு எழுதினார். மகளுக்கும் கணக்கு வந்தது. மத்திய அரசு அலுவலகம் ஒன்றின் தணிக்கைப் பிரிவில் சேர்ந்து, தாம்பரத்தில் ரயிலேறித் தாம்பரத்தில் இறங்கியே பணிக்காலத்தை முடித்தார். அடுத்தவர் செய்த செலவில் தவறு கண்டுபிடிப்பதுதான் வேலை. அவர் மேஜைக்கு வந்த பில் ஒன்றுகூடக் கேள்வி வாங்காமல் திரும்பியதில்லை என்று சொல்வார்கள். அவரிடம் கேட்டால், சில பில்கள் திரும்பியதாகவும், அவை சரியாக இருந்ததாகவும் சொல்வார்.

வேலையில் இருந்தபோது ஒரு முறை பதவி உயர்வோடு ஊட்டிக்கு மாற்றல் வந்தது. மாமனார் படுக்கையில் இருந்தார், மகன் பள்ளியில் இருந்தான். வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். அடுத்த இடத்தில் இருந்தவர் போனார், அதிகாரியானார், ஓய்வு பெறும்வரை ஊட்டிக் குளிரைத் திட்டிக்கொண்டே இருந்தார். இப்போது கணவர் இல்லை. மகன் புனேயில். லோகநாயகி ஓய்வு பெற்ற அடுத்த மாதமே பிளாட் சங்கம் அவரைச் செயலாளராக்கியது. அவர் கேட்கவில்லை. கூட்டத்துக்கு நேரத்துக்கு வந்திருந்தார், அவ்வளவுதான்.

அதே வருடம் பழைய அலுவலகத் தோழிகளோடு வேன் பிடித்துக் குன்னூர் போனார். அங்கே ஒரு நாற்றுப்பண்ணையில் முழங்கால் உயரச் செடி ஒன்று கண்ணில் பட்டது. நடுவில் கறுத்த தண்டு, உச்சியில் குடை விரித்த மாதிரி இலைகள். குட்டைப் பாக்கு மரம் என்று முடிவு செய்தார். கீழே கொண்டுபோனால் நிற்காது என்று பண்ணைக்காரர் சொன்னார். விலை பேசுவதற்காகச் சொல்கிறார் என்று அதையும் முடிவு செய்து, மடியில் வைத்தே சேலையூருக்குக் கொண்டுவந்தார்.

முதலில் மொட்டை மாடியில் வைத்தார். மூன்று வாரத்தில் இலைகள் சுட்ட அப்பளம் போல ஆகின. தூக்கிப் போடுவதற்கு முன், வழியில் இருக்க வேண்டாம் என்று ஓ.டி.எஸ்.ஸில் கொண்டுபோய் வைத்தார்.

வெளிச்சமும் காற்றும் வரட்டும் என்று பிளாட்களுக்கு நடுவே மேலிருந்து கீழ்வரை விடும் கிணறு போன்ற திறந்த இடைவெளிதான் ஓ.டி.எஸ். எல்லா வீட்டுக் குளியலறை ஜன்னலும், சில படுக்கையறை ஜன்னல்களும் அதைப் பார்த்துத்தான் திறக்கும். எல்லாக் குழாயும் அதில்தான் ஏறி இறங்கும். யாரும் அதை எட்டிப் பார்ப்பதில்லை. கீழே ஒரு சின்ன இரும்புக் கதவு, அதன் சாவி செயலாளரிடம்.

அன்று மாலை தண்ணீர் ஏற்ற மோட்டார் போட்டார். சம்ப்பிலிருந்து மேல்தொட்டிக்குப் போகும் குழாயில் இரண்டாம் மாடி உயரத்தில் மயிரிழை விரிசல் ஒன்று இருந்தது. மோட்டார் ஓடும்போது அதிலிருந்து தண்ணீர் பீச்சி, எதிர்ச் சுவரில் அடித்து, உடைந்து, பனி போலக் கீழே இறங்கும். பிளம்பர் பிரிட்டோ அதை ஏற்கெனவே பார்த்துச் சொல்லியிருந்தார். திங்கட்கிழமை வரச் சொல்லியிருந்தார் லோகநாயகி.

திங்கட்கிழமை காலை இரும்புக் கதவைத் திறந்தபோது செடியின் உச்சியில் கட்டைவிரல் பருமனில் பழுப்பாக, ரோமத்தோடு, நத்தை போலச் சுருண்ட ஒன்று எட்டிப் பார்த்தது. புதிய இலை. பிரிட்டோ பையோடு பின்னால் நின்றார்.

"அக்கா, பைப்ப அடச்சிடலாமா?"

"பைப் அப்புறம் பார்க்கலாம். மாடித் தளத்தை முதல்ல பாரு."

எல்லாம் அங்கே ஆரம்பித்தது.

ஒரு வருடம் கழித்து, பாக்கு எப்போது காய்க்கும் என்று தெரிந்துகொள்ளக் குன்னூர்ப் பண்ணைக்குப் போன் செய்தார். பண்ணைக்காரர் செடியை நினைவு வைத்திருந்தார்.

"அம்மா, அது பாக்கு இல்ல. மரப்பெரணி. அது பூக்காது, காய்க்காது, விதையும் கிடையாது. இலைக்கு அடியில தூள் மாதிரி வரும், அதுலேர்ந்துதான் நாங்க கன்னு எடுக்கறோம். மேல சோலைக்காட்டுல ஓடைக்குப் பக்கத்துல நிக்கிற சாதி. கீழ நிக்காதுன்னு அன்னிக்கே சொன்னேனே."

"நிக்குது."

"நிக்குதா? எந்த ஊரும்மா?"

"சேலையூர். தாம்பரம் பக்கம்."

"அங்க அருவி ஏதாவது இருக்கா?"

"இல்ல" என்றார் லோகநாயகி. பொய் சொல்லவில்லை. அது முக்கால் அங்குலக் குழாய்தான்.

அந்தப் பக்கம் ஏரி இருப்பதால் போர்வெல் தண்ணீரில் உப்பு குறைவு. காலை ஏழு மணிக்கும் மாலையிலும் மோட்டார் ஓடியது. கோடையில் தொட்டி நிறைந்து வழிந்த பிறகும் சற்று ஓடியது. மரப்பெரணி தண்டு விட்டு உயர்ந்தது.

தண்ணீர் போகிற வழியில் ஒரு சுவரும் இருந்தது. தரைத்தளத்தில் புதிதாக வீடு வாங்கி வந்த சுப்ரஜாவின் படுக்கையறைச் சுவர். சுப்ரஜாவுக்கு முப்பத்தைந்து வயது, மென்பொருள் நிறுவன வேலை, வாரத்தில் பாதி நாள் வீட்டிலிருந்தே. அந்த அறையில்தான் அவள் மேஜை. வந்த ஆறாவது மாதம் சுவர் பொரிந்தது. மர அலமாரியின் முதுகில் பூஞ்சை பிடித்தது. கல்யாணப் பட்டுப்புடவையில் மஞ்சள் புள்ளி விழுந்தது. ஒவ்வொரு மாதமும் சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவில் படத்தோடு புகார் போட்டாள். ஒவ்வொரு முறையும் ஐந்து நிமிடத்துக்குள் செயலாளரின் பதில் வரும்.

"கவனத்தில் உள்ளது."

உண்மையிலேயே கவனத்தில் இருந்தது. கசிவு எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடிக்க மாடித் தளம் பெயர்க்கப்பட்டது. பிறகு குளியலறைகள், பிறகு சம்ப். சுவர் மட்டும் காயவில்லை. "இந்த அளவுக்கு வேலை செய்யற செகரட்டரியை நான் பார்த்ததில்லை" என்று சங்கத் தலைவர் சாம்பசிவன் எல்லோரிடமும் சொன்னார். இரண்டாம் மாடியில் இருக்கும் சாம்பசிவன் ஓய்வு பெற்ற தலைமையாசிரியர். பாராட்டு சீக்கிரம் வராது அவருக்கு. லோகநாயகி அதைக் கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய், சாப்பிடாமல் படுத்தார்.

மூன்றாவது வருடம், ஏப்ரல் மாதம், ஒரு காலை ஆறரை மணிக்கு சுப்ரஜா அமெரிக்காவிலிருக்கும் மேலாளரோடு பேசிக்கொண்டிருந்தாள். எப்போதும் மூடியிருக்கும் ஜன்னல் திரையை அன்று வெளிச்சத்துக்காக விலக்கியிருந்தாள். நிமிர்ந்தபோது ஜன்னலுக்கு வெளியே, கண்ணாடிக்கு ஒரு சாண் தள்ளி, கை மணிக்கட்டுப் பருமனில் பழுப்பு நிறத்தில் ஒன்று சுருண்டு தலையைத் தூக்கிக்கொண்டிருந்தது. அவள் மைக்கை அணைத்துவிட்டுக் கத்தினாள்.

ஏரிப் பக்கம் என்பதால் அந்தத் தெருவில் பாம்பு புதிதல்ல. குழுவில் படம் வந்தது. கூடவே செய்திகளும் வந்தன.

"ஓ.டி.எஸ்.ல பாம்பு. யாரும் பாத்ரூம் ஜன்னல் திறக்காதீங்க."

"பாத்ரூமே போகாதீங்க."

மூன்றாம் மாடி ஸ்ரீவத்சன்: "நான் ஏற்கெனவே உள்ளதான் இருக்கேன். என்ன பண்ணணும்?"

லோகநாயகி படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தார். ஒரு வாரமாக அவர் காத்திருந்த இலை அது. பாம்பு இல்லை என்று ஒரு வரி போட்டால் போதும். போட்டால், பிறகு என்ன அது என்று எட்டுக் குடும்பமும் கீழே வந்து பார்க்கும். பார்க்கிறவர்கள் அண்ணாந்தும் பார்ப்பார்கள். அவர் போனைக் கவிழ்த்து வைத்தார். ஸ்ரீவத்சன் உள்ளேயே இருந்தார்.

தீயணைப்பு நிலையத்துக்கு யாரோ சொல்லி, வண்டி வந்துவிட்டது. ஏசுதாசன் என்ற வீரர் நீண்ட இடுக்கியோடு இறங்கினார். சாவி கேட்டார்கள். செயலாளர் வந்து இரும்புக் கதவைத் திறக்க வேண்டியதாயிற்று. ஏசுதாசன் குனிந்து நுழைந்து, சத்தமில்லாமல் இடுக்கியை மேலே நீட்டி, சுருளின் கழுத்தைப் பிடித்தார்.

"இழுக்காதீங்க" என்றார் லோகநாயகி.

"மெதுவா பேசும்மா. சீறும்."

"சீறாது. இழுத்தா ஒடிஞ்சிடும். அது இலை."

ஏசுதாசன் இடுக்கியை விடாமல் திரும்பினார். "இன்னாம்மா சொல்ற? எலையா? இம்மாம் முடி கீது?"

"முடி இருக்கும். கொஞ்ச நாள்ல விரிஞ்சிடும்."

"இத்த மொதல்லயே சொல்ல வேண்டிதானே? வண்டி எட்த்துகினு வந்தோம்ல?"

அப்போது மணி ஏழு. செயலாளர் கீழே மாட்டிக்கொண்டதால், மோட்டார் நேரம் தவறக்கூடாது என்று சாம்பசிவன் போய் சுவிட்சைப் போட்டார்.

மேலே குழாய் ஒரு முறை இருமியது. பிறகு பீச்சியது. எதிர்ச் சுவரில் அடித்து, உடைந்து, தீயணைப்பு வீரர் மேல் சீராக இறங்கியது. அவர் தொப்பியைக் கழற்றி உதறிவிட்டு அண்ணாந்து பார்த்தார்.

"பைப் வுட்ருக்கு மேடம். பாம்ப வுடுங்க, அத்த பாருங்க மொதல்ல."

கதவருகில் சுப்ரஜா நின்றிருந்தாள். குழாயைப் பார்த்தாள். தண்ணீர் அடித்துச் சுவரோடு வழிந்து இறங்கும் இடத்தைப் பார்த்தாள். அது தன் படுக்கையறைச் சுவரின் வெளிப்பக்கம் என்று புரிய அவளுக்கு நேரமாகவில்லை. கடைசியாக லோகநாயகியைப் பார்த்தாள். லோகநாயகி அதற்குள் செடியின் கழுத்தில் இடுக்கிப் பல் பட்ட இடத்தைத் தடவிக்கொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை கார் நிறுத்துமிடத்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டுக் கூட்டம் நடந்தது. பிரிட்டோவையும் வரச் சொல்லியிருந்தார்கள். சாம்பசிவன் விசாரணையை வகுப்பறையில் நடத்துவது போல நடத்தினார்.

"பிரிட்டோ, இந்த விரிசல் எப்ப வந்தது?"

பிரிட்டோ லோகநாயகியைப் பார்த்தார். அவர் தலையசைத்தார்.

"அது அப்பவே கீது சார். மொத தபா நான் வந்தப்பவே பாத்து அக்காவாண்ட சொல்ட்டேன்."

"அவங்க என்ன சொன்னாங்க?"

"மாடிய பாருன்னாங்க. பாத்தேன். அப்பால பாத்ரூம பாருன்னாங்க. சம்ப்ப பாருன்னாங்க. நானும் பாத்துகினே வந்தேன்."

"பைப்பை அடைக்க எவ்வளவு நேரம் ஆகும்?"

"அர மணி சார். டீ குட்சிட்டு செஞ்சா முக்கா மணி."

எல்லோரும் செயலாளர் பக்கம் திரும்பினார்கள். அவர் எழுந்து நின்றார்.

"எனக்குத் தெரியும். மூணு வருஷமாத் தெரியும். செடிக்காக விட்டுவெச்சேன். சுப்ரஜா வீட்டுச் சுவர் கெட்டதுக்கும் அலமாரி கெட்டதுக்கும் நான்தான் பொறுப்பு. ரெண்டையும் என் செலவுல சரிபண்ணித் தரேன். பொறுப்பிலேர்ந்து விலகிக்கறேன்."

"புடவை" என்றாள் சுப்ரஜா.

"புடவையும்."

சாம்பசிவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சரி. ராஜினாமாவை ஏத்துக்கறோம். அடுத்த செகரட்டரியா யார் இருக்கீங்க?"

ஒருவர் போனை எடுத்து, அடிக்காத அழைப்புக்குப் பதில் சொல்லிக்கொண்டே எழுந்து போனார். ஸ்ரீவத்சன் கூரையைப் பார்த்தார், அங்கும் கசிவில்லை.

"மேடமே கண்டினியூ பண்ணட்டும்" என்றார் ஸ்ரீவத்சன். "வேலை தெரிஞ்சவங்க."

ஏகமனதாக நிறைவேறியது. சுப்ரஜா கை தூக்கவில்லை. ஆனால் அவளும் செயலாளராக முன்வரவில்லை.

மறுநாள் பிரிட்டோ டீ குடித்துவிட்டு வந்து முக்கால் மணியில் குழாயை மாற்றினார். சுவர் காய ஆரம்பித்தது. ஓ.டி.எஸ்.ஸும் காய ஆரம்பித்தது.

மே மாதம், கத்திரி வெயில். லோகநாயகி வேரில் தண்ணீர் ஊற்றினார். போதவில்லை. அந்தச் சாதிக்குத் தண்டும் உச்சியும் நனைய வேண்டும், காற்றிலும் ஈரம் வேண்டும். இஸ்திரி போடும்போது துணி நனைக்கும் பாட்டிலை எடுத்துக்கொண்டு, மத்தியானங்களில் ஸ்டூல் மேல் ஏறி நின்று பீச்சினார். இலைகள் ஓரத்திலிருந்து கருகின. கீழடுக்கு இலைகள் ஒவ்வொன்றாகத் தொங்கின. பாம்பென்று பேர் வாங்கிய இலை பாதி விரிந்து, அங்கேயே நின்றுவிட்டது. சுப்ரஜாவின் மேஜைக்குப் பக்கத்தில், ஜன்னலுக்கு வெளியே, அரை மணி நேரம் ஒரு கையும் ஒரு பாட்டிலும் தினமும் தெரிந்தன. ஜன்னலில் யார் என்று சக ஊழியர்கள் வீடியோவில் கேட்டார்கள். "செகரட்டரி" என்று சொல்லிவிட்டு சுப்ரஜா ஜன்னல் திரையைப் போட்டாள்.

அந்த ஜன்னலுக்குக் கீழேயே சுப்ரஜாவின் ஏசி தண்ணீர் ஒரு பக்கெட்டில் சொட்டி நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. உப்பே இல்லாத தண்ணீர். குனிந்து எடுத்தால் யாருக்கும் தெரியாது. லோகநாயகி ஸ்டூலிலிருந்து இறங்கி, பக்கெட்டைப் பார்த்துவிட்டு, அதைத் தொடாமல் சுற்றிக்கொண்டு போய் வாசல் மணியை அடித்தார்.

"உன் ஏசி தண்ணி பக்கெட்ல விழுதே. அதை என்ன பண்றே?"

"ஒண்ணும் பண்ணல ஆன்ட்டி, வழிஞ்சு போயிடும். ஏன், அதுக்கும் அசோசியேஷன்ல ரூல் இருக்கா?"

"இல்ல. எனக்கு வேணும். செடிக்கு."

சுப்ரஜா கதவில் சாய்ந்தாள். "என் சுவத்துக்கு ரெண்டு வருஷம் தண்ணி விட்டீங்க. அப்போ கேக்கல. ஒரு பக்கெட்டுக்கு வந்து பெல் அடிக்கறீங்க."

"அப்போ கேட்டிருந்தா வேண்டாம்னு சொல்லியிருப்பே."

"இப்பவும் சொல்லலாமே."

"சொல்லலாம்."

திறந்திருந்த படுக்கையறைக் கதவு வழியே புதிதாகப் பெயிண்ட் அடித்த சுவர் தெரிந்தது. நிறம் மற்ற சுவர்களோடு சேரவில்லை. லோகநாயகி அதைக் கவனித்தார். சுப்ரஜா அவர் கவனித்ததைக் கவனித்தாள்.

"ஊட்டிக்கு டிரான்ஸ்ஃபர் வந்து நீங்க போகலையாம். சாம்பசிவன் அங்கிள் சொன்னார். அதனாலயா ஆன்ட்டி இதெல்லாம்?"

"அதெல்லாம் இல்ல. பாக்கு மரம்னு நினைச்சு வாங்கினேன்."

"அப்புறம்?"

"அப்புறம் அது சாகல." லோகநாயகி கையிலிருந்த பாட்டிலை இடுப்புப் பக்கம் மறைத்துக்கொண்டார். "சாகும்னுதான் தூக்கி அங்க வெச்சேன். அது இலை விட்டுது. அன்னிக்கு பைப்பை அடைச்சிருந்தா, நானே கொன்ன மாதிரி ஆயிருக்கும். அடுத்த மாசம் அடைக்கலாம்னு நினைப்பேன். அடுத்த மாசம் இன்னொரு இலை வரும்."

சுப்ரஜா அந்தப் பக்கமாகத் திரும்பி ஜன்னலைப் பார்த்தாள். கருகிய இலை ஒன்று கண்ணாடியில் உரசிக்கொண்டிருந்தது.

"எடுத்துக்கங்க. ஆனா பக்கெட் வேணாம். பிரிட்டோகிட்ட சொல்லி மேலேர்ந்து டியூப் போட்டுடுங்க. ஸ்டூல்லேர்ந்து விழுந்தீங்கன்னா மறுபடி ஃபயர் சர்வீஸைக் கூப்பிட எனக்கு முகம் இல்ல."

பிரிட்டோ வந்து பார்த்தார். தரைத்தள ஏசி தண்ணீர் மேலே ஏறாது, மேல் வீடுகளின் ஏசி தண்ணீரைத்தான் இறக்க வேண்டும் என்றார். லோகநாயகி வீடு வீடாகப் போய்க் கேட்டார். முதல் மாடியில் அவரே ஒரு ஏசி வாங்கி மாட்டினார், அதுவரை மின்விசிறிதான். ஸ்ரீவத்சன் சம்மதித்தார். சாம்பசிவன், மருமகன் வரும்போது மட்டும் போடுகிற ஏசி அது என்று நினைவூட்டிவிட்டு, டியூப் போட்டுக்கொள்ள ஆட்சேபம் இல்லை என்றார். பிரிட்டோ எல்லாவற்றையும் ஒரு குழாயில் சேர்த்து, ஊசியால் துளை போட்டு, மரப்பெரணியின் உச்சிக்கு நேர் மேலே கொண்டுவந்து நிறுத்தினார். சுப்ரஜாவின் பக்கெட் வேருக்கு.

"முன்ன மாரி அருவி வராதுக்கா. தூறல்தான்."

"போதும்."

இதில் ஒரு வசதி இருந்தது. வெயில் ஏற ஏற ஏசி ஓடும், ஏசி ஓட ஓடச் செடி நனையும். ஒரு கஷ்டமும் இருந்தது. ஜூன் முதல் வாரம் ஸ்ரீவத்சன் குடும்பத்தோடு திருப்பதி போனார். அதே நாள் லோகநாயகியின் புது ஏசி நின்றுபோனது. கம்பெனி ஆள் வர மூன்று நாள் ஆகும் என்றார்கள். சுப்ரஜா அலுவலக வேலையாகப் பெங்களூர் கிளம்பிக்கொண்டிருந்தாள். ரயிலில் உட்கார்ந்த பிறகு குழுவில் அவள் செய்தி வந்தது.

"ஓ.டி.எஸ். பக்கம் இன்னிக்கு ஏசி எதுவும் ஓடல. யாராவது போடுங்க ப்ளீஸ்."

பதில் வரவில்லை. லோகநாயகி பாட்டிலையும் ஸ்டூலையும் எடுத்துக்கொண்டு கீழே இறங்கினார். இரும்புக் கதவைத் திறந்தபோது மேலிருந்து ஒரு துளி தோளில் விழுந்தது. இன்னொன்று இலையில். அண்ணாந்து பார்த்தார். இரண்டாம் மாடி ஜன்னலில் சாம்பசிவன் கழுத்தில் மப்ளர் சுற்றி, ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு, நாளிதழ் படித்துக்கொண்டிருந்தார்.

"எனக்குப் புழுக்கமா இருந்தது" என்றார் அவர், பேப்பரிலிருந்து கண்ணை எடுக்காமல்.

மூன்று நாளும் அவருக்குப் புழுக்கமாகவே இருந்தது. நான்காம் நாள் சளி பிடித்தது.

ஆகஸ்டில் ஒரு காலை குழுவில் சுப்ரஜா ஒரு படம் போட்டாள். ஜன்னலுக்கு வெளியே, காய்ந்த இலைக் காம்புகளுக்கு நடுவில், பழுப்பாக, ரோமத்தோடு, விரல் பருமனில் ஒன்று சுருண்டு தலை தூக்கியிருந்தது. கீழே எழுதியிருந்தாள்: "பாம்பு வந்திருக்கு."

ஸ்ரீவத்சன் உடனே கேட்டார்: "நான் பாத்ரூம் போகலாமா?"

சாம்பசிவன் கைகூப்பும் படம் ஒன்றைப் போட்டார். அவர் எல்லாவற்றுக்கும் போடுவது அதுதான்.

செயலாளரின் பதில் ஐந்து நிமிடத்துக்குள் வரவில்லை. அவர் கீழே இருந்தார். அரை மணி கழித்து வந்தது.

"கவனத்தில் உள்ளது."